‘மாயா’வுக்கு 4.4 போட்டவர்களும் காதைப் பொத்திய நாங்களும்

பத்துக்கு 4.4. 2010 ஜூலையில் எம்.ஐ.ஏ.யின் மூன்றாவது அல்பமான ‘மாயா’வுக்கு அமெரிக்காவின் பிட்ச்போர்க் இணைய இதழ் போட்ட புள்ளி அது. அந்தக் காலத்தில் எந்த இசையை வாங்குவது, எதை விடுவது என்று இளம் ஆட்கள் முதலில் எட்டிப் பார்க்கிற இடங்களில் அது ஒன்று. அதே இதழ் அவருடைய முதல் அல்பம் ‘அருளர்’க்கு 8.6, இரண்டாவது அல்பம் ‘கலா’வுக்கு 8.9 என்று அள்ளிக் கொடுத்திருந்தது. மூன்றே வருசத்தில் புள்ளி பாதியாக விழுந்தது.

இத்தனை காலத்துக்குப் பிறகு இந்தக் கணக்கை ஏன் கிளற வேண்டும் என்று கேட்பீர்கள். காரணம் வீட்டுக்குள்ளிருந்து வந்தது. பல்கலைக்கழகத்தில் படிக்கிற என் மகள் காரில் இந்த அல்பத்தைப் போட்டாள். ஆரம்பத்திலேயே ட்ரில் மெசின் ஓடுகிற சத்தம். “உதைக் கொஞ்சம் குறை பிள்ளை, தலை இடிக்குது” என்றேன். குறைத்தாள். பிறகு கேட்டாள்: “அப்பா, இது 2009 முடிஞ்சு அடுத்த வருசம் வந்தது. நீங்கள் அப்ப கேட்டீங்களா?”

கேட்கவில்லை. எம்.ஐ.ஏ.யைப் பற்றி எத்தனையோ பேரோடு கதைத்திருக்கிறேன். அவருடைய உடுப்பு, தகப்பன், பேட்டி, சண்டை எல்லாம் தெரியும். அந்த அல்பத்தை முதலிலிருந்து கடைசி வரை ஒருநாளும் கேட்டதில்லை. என்னைப் போல ஆட்கள் எங்களுக்குள் நிறையப் பேர் இருப்பார்கள் என்றுதான் நினைக்கிறேன்.

இப்போது கேட்டுவிட்டேன். ஒரு தடவை இல்லை, பல தடவை. கேட்ட பிறகு எனக்குத் தோன்றுவது இதுதான்: அன்று ‘மாயா’வை விமர்சித்தவர்களில் கன பேர் அல்பத்தை விட அதைச் செய்த பெண்ணைத்தான் விசாரித்தார்கள். நாங்களும் எங்கள் பக்கத்தில் அதையேதான் செய்தோம். இந்த இரண்டு விசாரணைக்கும் இடையில், 2009க்குப் பிறகு புலம்பெயர்ந்த தமிழரின் மனசு எப்படிக் கிடந்தது என்பதைச் சத்தமாகவே பதிந்து வைத்த ஒரு வேலை எங்கள் காதுக்கு வராமலே போய்விட்டது.

அந்த வருசம்

தெரியாத பிள்ளைகளுக்காகச் சுருக்கமாகச் சொல்கிறேன். மாதங்கி அருள்பிரகாசம் 1975இல் இலண்டனில் பிறந்தவர். ஆறு மாதக் குழந்தையாக யாழ்ப்பாணம் போய், 1986இல் தாயோடும் சகோதரங்களோடும் அகதியாக இலண்டன் திரும்பியவர். மிச்சம் பகுதியில் கவுன்சில் குடியிருப்பு. பிறகு சென்றல் சென் மார்ட்டின்ஸ் கலைக்கல்லூரி. முதல் அல்பத்துக்கு வைத்த பெயர் தகப்பனின் இயக்கப் பெயர். அவர் ஈரோஸ் இயக்கத்தைத் தொடங்கியவர்களில் ஒருவர், புலிகள் இயக்கத்தவர் அல்ல. அந்த வித்தியாசம் மேற்கத்தைய பத்திரிகைக்காரருக்குப் பிடிபடவில்லை, அல்லது பிடிபடுத்த விருப்பமில்லை. இரண்டாவது அல்பத்துக்குத் தாயின் பெயர். மூன்றாவதுக்குத் தன் பெயர்.

‘கலா’வில் இருந்த ‘பேப்பர் பிளேன்ஸ்’ 2008இல் அமெரிக்கப் பட்டியலில் 4ஆம் இடம் வரை ஏறியது. ‘ஸ்லம்டோக் மில்லியனெயர்’ படத்தில் ஏ.ஆர். ரகுமானோடு செய்த பாட்டுக்கு ஒஸ்கார் பரிந்துரை வந்தது. 2009 பெப்ரவரியில் நிறைமாத வயிற்றோடு கிராமி மேடையில் நின்றார். அந்தப் படத்தை நாங்கள் எல்லாரும் ஆளுக்காள் அனுப்பிக் கொண்டது நினைவிருக்கும்.

அதே பெப்ரவரியில் வன்னியில் என்ன நடந்து கொண்டிருந்தது என்பதும் நினைவிருக்கும். கிராமிக்குச் சில நாட்களுக்கு முன்னர்தான் அமெரிக்கப் பொதுத் தொலைக்காட்சியில் இருந்து அவர் வன்னியைப் பற்றிச் சொன்னார். அந்த அளவு வெளிச்சத்தில் நின்ற வேறு ஒரு தமிழ்க் குரல் அப்போது எங்களிடம் இல்லை. ஏப்ரலில் இலண்டன் பாராளுமன்றச் சதுக்கத்தில் இருந்தவர்கள் இருந்தபடியே கிடந்தார்கள். மே 10ஆம் திகதி ரொறன்ரோவில் கார்டினர் நெடுஞ்சாலையில் ஏறினார்கள். எட்டு நாளில் எல்லாம் முடிந்தது. கடைசி மாதங்களில் 40,000 வரையான பொதுமக்கள் இறந்திருக்கக்கூடும் என்று ஐ.நா. நிபுணர் குழுவின் அறிக்கை சொன்னது 2011இல்தான்.

ஆனால் எங்களுக்கு 2009இலேயே தெரியும். எப்படித் தெரியும்? லப்ரொப்பில் தெரியும். இரவு இரண்டு மணிக்கு ஒரு வீடியோ, பக்கத்து ஜன்னலில் செய்தித் தளம், இன்னொரு ஜன்னலில் பேஸ்புக், போனில் யாரோ அழுகிறார்கள். விடிய வேலைக்குப் போனால் பக்கத்து மேசைக்காரர் வார இறுதி எப்படி என்று கேட்பார். அவருக்கு ஒன்றும் தெரியாது. சொன்னாலும் நம்புவாரா என்பது எங்களுக்குத் தெரியாது.

‘மாயா’ அந்த வருசத்தின் பின்னால் செய்யப்பட்ட அல்பம். பெரும்பகுதியை விசாச் சிக்கலோடு லொஸ் ஏஞ்சலிஸ் வீட்டில் இருந்தபடி செய்தார். ‘கலா’வுக்கு நாடு நாடாகத் திரிந்து, சென்னையில் உறுமிக்காரரையும் பதிந்த ஆள் இந்த முறை ஒரு வீட்டுக்குள். கையில் இருந்த உலகம் இணையம்தான்.

அல்பத்துக்குள் என்ன இருக்கிறது

அட்டைப் படமே கதையைச் சொல்லிவிடுகிறது. முகம் முழுக்க யூரியூப்பின் ஓடுகோடுகள். அவற்றுக்குப் பின்னால் இரண்டு கண்கள் மட்டும் தெரியும். பெயரைக்கூடச் சாய்கோடுகளால் எழுதியிருப்பார், சாதாரணமாக அடித்துத் தேட முடியாதபடி.

முதல் துண்டு ஒரு நிமிடம்கூட இல்லை. ஒரு ஆண் குரல் பிள்ளைகளின் எலும்புப் பாட்டு மெட்டில், எங்கள் உடம்பு இணையத்தோடும், இணையம் கூகிளோடும், கூகிள் அரசாங்கத்தோடும் கோர்க்கப்பட்டிருப்பதாகச் சொல்லிவிட்டுப் போய்விடும். அடுத்த பாட்டு ‘ஸ்ரெப்பின் அப்’. இதில்தான் நான் காரில் காதைப் பொத்தினேன். ட்ரில் மெசினையும் வேறு மெசின்களையும் தாளமாக அடுக்கி அதன் மேல் ராப். பிறகு திடீரென்று ‘எக்ஸ்எக்ஸ்எக்ஸ்ஓ’ என்று ஒரு சுத்தமான பொப் பாட்டு. நீ விரும்புகிற ஆளாக நான் மாறவேண்டும் என்கிறாயா என்று காதலனைக் கேட்கிற பாட்டு. அது காதலனை மட்டும் கேட்கிற கேள்வியாக எனக்குக் கேட்கவில்லை. இசைக் கொம்பனியையும், பத்திரிகையையும், எங்களையும் சேர்த்துக் கேட்கிற மாதிரித்தான் இருக்கிறது.

நடுவில் ‘லவலொட்’. 2010 மார்ச்சில் மொஸ்கோ சுரங்க ரயிலில் குண்டாக வெடித்த தாகெஸ்தானைச் சேர்ந்த பதினேழு வயது விதவைப் பெண்ணை நினைத்து எழுதியது. காதலா மதமா என்று பிரிக்க முடியாதபடி ஒரு சொல்லை வேண்டுமென்றே குழப்பி உச்சரிப்பார். கேட்க அந்தரமாக இருக்கும். அந்தப் பெண்ணை நியாயப்படுத்துகிறாரா, அவளுக்குள் புகுந்து பார்க்கிறாரா என்று பாட்டு சொல்லாது. எங்கள் வரலாறு தெரிந்த ஒருவரால் அந்தப் பாட்டை லேசாகக் கேட்டுவிட்டுப் போக முடியாது.

பிறகு ‘போர்ன் ஃப்ரீ’. 1977இல் நியூயோர்க்கின் ‘சூசைட்’ குழு செய்த ஒரு பாட்டின் இரைச்சலை எடுத்து, அதன் மேல் மேளமும் கத்தலும். ‘மெட்ஸ் அண்ட் ஃபெட்ஸ்’ பாட்டில் ‘ஸ்லே பெல்ஸ்’ குழுவின் டெரெக் மில்லரின் கிற்றார் காதைக் கிழிக்கும். இவற்றுக்கு இடையில் ஒரு பழைய ஒல்லாந்துப் பொப் பாட்டை ரெகே தாளத்தில் மெல்லப் பாடுவார். கடைசிப் பாட்டு ‘ஸ்பேஸ்’ ஆகாயத்தில் மிதக்கிற மாதிரி அடங்கிப் போகும்.

எல்லாவற்றையும் ஒரே மூச்சில் கேட்டால் என்ன வரும்? ஒரு லப்ரொப்பில் பன்னிரண்டு ஜன்னலைத் திறந்து எல்லாவற்றிலும் சத்தத்தைக் கூட்டி விட்டது போல இருக்கும். கொலைச் செய்தி, காதல் குறுஞ்செய்தி, குடிபோதை விளம்பரம், குண்டு, மெல்லிய பாட்டு. எதுவும் எதையும் பொருட்படுத்தாது. 2009இல் எங்கள் வீட்டுக் கொம்பியூட்டர் அப்படித்தான் இருந்தது. அந்த நிலையை இதற்கு மேல் துல்லியமாகப் பதிந்த இன்னொரு இசைத்தட்டு எனக்குத் தெரியாது.

விமர்சகர் என்ன சொன்னார்கள்

அல்பம் வருவதற்கு முன்பே இரண்டு சண்டை நடந்துவிட்டது.

முதலாவது, 2010 ஏப்ரலில் வந்த ‘போர்ன் ஃப்ரீ’ வீடியோ. ரொமெய்ன் காவ்ராஸ் இயக்கிய ஒன்பது நிமிடப் படம். செம்பட்டைத் தலைமயிர் உள்ள ஆண்களை மட்டும் தேடிப் பிடித்து, பஸ்ஸில் ஏற்றி, வெட்டவெளிக்குக் கொண்டுபோய்ச் சுடுகிறார்கள். ஒரு சிறுவனைத் தலையில் சுடுகிறார்கள். யூரியூப்பில் அது தடைக்கும் வயதுக் கட்டுப்பாட்டுக்கும் ஆளானது. மலிவான அதிர்ச்சி வியாபாரம் என்று எழுதினார்கள். ஆனால் அதற்கு எட்டு மாதம் முன்னர், 2009 ஓகஸ்ட்டில், கண்ணும் கையும் கட்டப்பட்ட நிர்வாணமான ஆட்களைச் சுட்டுக் கொல்கிற உண்மையான வீடியோவை பிரித்தானியாவின் சனல் 4 காட்டியிருந்தது. அதைப் பார்த்துவிட்டு இதைப் பார்த்தவருக்குச் செம்பட்டைத் தலை எதைக் குறிக்கிறது என்று ஒருவரும் விளக்கத் தேவையில்லை. பொய் இரத்தத்துக்கு வந்த கோபம் மெய் இரத்தத்துக்கு வரவில்லையே என்று எம்.ஐ.ஏ. அப்போதே கேட்டார். அந்தக் கேள்விக்கு இன்றைக்கும் பதில் இல்லை.

இரண்டாவது, மே மாதம் நியூயோர்க் ரைம்ஸ் சஞ்சிகையில் வந்த நீண்ட கட்டுரை. அதில் உலகம் நினைவில் வைத்துக் கொண்டது ஒரு உருளைக்கிழங்குப் பொரியலைத்தான். விலை உயர்ந்த ட்ரஃபிள் காளான் சேர்த்த பொரியலைச் சாப்பிட்டுக் கொண்டே அகதிகளைப் பற்றிக் கதைக்கிறார் என்பதுபோல அந்தக் காட்சி எழுதப்பட்டிருந்தது. எம்.ஐ.ஏ. தான் பதிந்து வைத்திருந்த ஒலியை வெளியிட்டார். பொரியல் யோசனை கட்டுரையாளரிடமிருந்து வந்தது என்று அதில் கேட்டது. பத்திரிகையும் ஒரு இடத்தில் மேற்கோள்கள் சொன்ன ஒழுங்கில் வரவில்லை என்று குறிப்புப் போட்டது. அதே நேரம் எம்.ஐ.ஏ. அந்தக் கட்டுரையாளரின் தொலைபேசி இலக்கத்தை ருவிற்றரில் போட்டது சரியான பிழை. அதை நான் நியாயப்படுத்த மாட்டேன்.

இந்தச் சூட்டில்தான் ஜூலையில் அல்பம் வந்தது. விமர்சனங்களைக் கூட்டிச் சராசரி போடுகிற மெட்டாகிரிட்டிக் தளத்தில் முதல் இரண்டு அல்பமும் எண்பதுகளின் மேற்பகுதியில் இருந்தன. ‘மாயா’ 68இல் நின்றது. எல்லாரும் அடிக்கவில்லை. ரோலிங் ஸ்ரோன் பாராட்டியது. ராபர்ட் கிறிஸ்ட்காவ் போன்ற மூத்த விமர்சகர் கைவிடவில்லை. அமெரிக்க விற்பனைப் பட்டியலில் 9ஆம் இடத்துக்கும் போனது, அவருடைய முந்தைய அல்பங்களை விட மேல். ஆனாலும் ‘எம்.ஐ.ஏ. விழுந்துவிட்டார்’ என்ற கதைதான் நிலைத்தது.

அடித்தவர்கள் சொன்ன குறைகளை மூன்றாகச் சுருக்கலாம். சத்தம் கூடிப்போச்சு. பாட்டு என்று சொல்ல ஒன்றும் இல்லை. அரசியல் வெறும் வேசம்.

இரண்டாவது குறையில் உண்மை இருக்கிறது. ‘ரெக்கில்லா’ என்ற பாட்டு மதுப் பெயர்களை அடுக்கிக்கொண்டு ஆறு நிமிடம் ஓடுகிறது. மூன்று நிமிடம் போதும். நடுப்பகுதியில் ஒன்றிரண்டு பாட்டு முடிக்காமல் விட்ட வேலை மாதிரிக் கிடக்கிறது. ‘கலா’வில் ஒவ்வொரு பாட்டுக்கும் இருந்த உடல் இதில் எல்லாப் பாட்டுக்கும் இல்லை. இதைச் சொன்ன விமர்சகரோடு எனக்குச் சண்டை இல்லை.

முதலாவது குறைதான் எனக்கு விளங்கவில்லை. நான் மேலே சொன்ன ‘ஸ்லே பெல்ஸ்’ குழுவின் முதல் அல்பம் ‘ட்ரீட்ஸ்’ அதே 2010இல்தான் வந்தது. அதை வெளியிட்டதில் எம்.ஐ.ஏ.யின் சொந்த நிறுவனத்துக்கும் பங்கு உண்டு. அதே கிற்றார்காரர், அதே காதைக் கிழிக்கிற சத்தம். அதே பிட்ச்போர்க் அதற்குப் போட்ட புள்ளி 8.7. மூன்று வருசம் கழித்து கன்யே வெஸ்ட் ‘யீசஸ்’ என்று ஒரு அல்பம் போட்டார். இயந்திர இரைச்சல், கத்தல், பாதியில் வெட்டுகிற தாளம். அதற்கு 9.5. துணிச்சல், எதிர்காலத்தின் இசை என்றெல்லாம் எழுதினார்கள்.

நான் இதை இனவாதம் என்று ஒரே சொல்லில் அடைக்க வரவில்லை. ‘ட்ரீட்ஸ்’ நல்ல அல்பம், ‘யீசஸ்’ பெரிய வேலை. பாட்டின் கட்டமைப்பில் அவை இதைவிட இறுக்கமானவை என்று ஒருவர் வாதிட்டால் கேட்டுக்கொள்வேன். ஆனால் சத்தம் ஒரு இடத்தில் துணிச்சலாகவும் இன்னொரு இடத்தில் குழப்பமாகவும் கேட்டால், சத்தத்தைத் தவிர வேறு எதையோ கேட்கிறோம் என்றுதான் அர்த்தம். எம்.ஐ.ஏ.யிடம் அவர்கள் எதிர்பார்த்தது ‘கலா’வின் நிறமும் கூத்தும். மூன்றாம் உலகத்துத் திருவிழாவைத் தலைமேல் தூக்கிக்கொண்டு வருகிற பெண் வேண்டும். அவர் இந்த முறை திருவிழாவைக் கொண்டுவரவில்லை. செத்த வீட்டைக் கொண்டுவந்தார்.

மூன்றாவது குறைதான் உண்மையான வழக்கு. இவர் பணக்கார வீட்டுப் பையனோடு வாழ்கிறார், வசதியான பகுதியில் இருக்கிறார், பிறகு எப்படி அகதிகளுக்காகக் கதைக்கலாம்? ‘பேப்பர் பிளேன்ஸ்’ பாட்டின் அடித்தளம் ‘தி கிளாஷ்’ குழுவின் பாட்டிலிருந்து எடுத்தது. அந்தக் குழுவின் ஜோ ஸ்ரமர் பிரித்தானிய வெளியுறவுச் சேவை அதிகாரியின் மகன், விடுதிப் பள்ளியில் படித்தவர். அவரையும் சிலர் குத்திக் காட்டியது உண்டு. ஆனால் ஏழைகளுக்காகப் பாடிய பெரிய கலைஞர் என்ற இடம் அவருக்கு அப்படியே இருக்கிறது. உண்மையிலேயே அகதியாக வந்து கவுன்சில் வீட்டில் வளர்ந்த பெண்ணிடம் மட்டும் ஏழ்மைக்கு அத்தாட்சிப் பத்திரம் கேட்டார்கள். அகதி என்றால் கடைசி வரைக்கும் அகதி மாதிரியே இருக்க வேண்டும் போல.

எங்கட கோர்ட்டில்

இதுவரை வாசித்துவிட்டு ‘வெள்ளைக்காரன் எப்பவும் உப்பிடித்தான்’ என்று தலையாட்டினால், கொஞ்சம் பொறுங்கள்.

நாங்கள் என்ன செய்தோம்? அந்த நாட்களில் எங்கள் இணையத்தளங்களில் நான் வாசித்ததும், சபை சந்திகளில் கேட்டதும் இதுதான். உடுப்பு சரியில்லை. தூஷணம் பேசுகிறார். தமிழில் பாடவில்லை. தகப்பன் எங்கட இயக்கம் இல்லை. அல்லது, தகப்பன் இயக்கம்தானே, பிறகு ஏன் இவ்வளவு தான் செய்கிறார். எங்களுக்காக என்ன கிழித்தார்? எதிர்ப்பக்கத்தில் சிங்களத் தேசியவாதிகள் அவரைப் புலி என்று திட்டினார்கள். எங்கள் பக்கத்தில் போதாது என்று திட்டினோம். கிராமி, ஒஸ்கார் என்று வந்தால் மட்டும் ‘எங்கட பிள்ளை’.

பாட்டைப் பற்றி ஒருவரும் கதைக்கவில்லை. எந்தப் பாட்டு நல்லது, எது சொதப்பல், ஏன் இந்தச் சத்தம் என்று ஒரு பந்தி எழுத எங்களில் யாருக்கும் தோன்றவில்லை. எனக்கும் தோன்றவில்லை. நியூயோர்க்கில் உருளைக்கிழங்கை வைத்து நடந்த விசாரணையை நாங்கள் உடுப்பை வைத்து நடத்தினோம். வித்தியாசம் அவ்வளவுதான்.

சத்தம் என்ற விசயத்தில் எங்களுக்கு இன்னும் பழைய கணக்கு ஒன்று இருக்கிறது. உறுமியும் பறையும் எங்களுடைய வாத்தியங்கள்தான். ஆனால் எந்தச் சபாவில் அவற்றுக்கு இடம் கொடுத்தோம்? யாழ்ப்பாணத்தில் பறை செத்த வீட்டுக்கு, அதுவும் குறித்த சாதி ஆட்கள் மட்டும் அடிப்பது. வீட்டுக்குள் வரக்கூடாது. புலம்பெயர்ந்து வந்தும் பிள்ளைகளை மிருதங்கத்துக்கும் வீணைக்கும் பரதத்துக்கும்தான் ஏற்றி இறக்கினோம், அரங்கேற்றத்துக்கு மண்டபம் பிடித்தோம். அதில் பிழை இல்லை. ஆனால் எது சங்கீதம், எது வெறும் சத்தம் என்று பிரிக்கிற காது எங்களுக்கு எங்கே பழக்கப்பட்டது என்று யோசிக்க வேண்டும். ‘கலா’வில் உறுமியைக் கொண்டுபோய் உலகத்துக்குக் கேட்கச் செய்தது இலண்டன் கவுன்சில் வீட்டில் வளர்ந்த பெண். இன்றைக்கு எங்கள் பிள்ளைகள் சில இடங்களில் பறை பழகுகிறார்கள். நல்லது. அந்தக் காதோடு ‘மாயா’வைக் கேட்டால் அவ்வளவு அந்நியமாக இருக்காது.

பிறகு நடந்தது

2013 ஜூனில் எட்வர்ட் ஸ்னோடன் வெளியிட்ட ஆவணங்கள் அமெரிக்க உளவு அமைப்பு பெரிய இணைய நிறுவனங்களிலிருந்து தகவல் எடுப்பதைக் காட்டின. அந்தப் பட்டியலில் கூகிளும் இருந்தது. அரசாங்கத்துக்கு நேரடி வாசல் எதுவும் திறந்துவிடவில்லை என்று நிறுவனம் மறுத்தது. ஆனாலும் மூன்று வருசம் முன்னர் ‘மாயா’வின் முதல் துண்டைச் சிறுபிள்ளைத்தனமான சதிக்கதை என்று சிரித்தவர்கள் அதைத் திரும்பக் கேட்க வேண்டி வந்தது. எம்.ஐ.ஏ. சாத்திரம் சொன்னார் என்று நான் சொல்லவில்லை. கண்காணிக்கப்படுகிற சமூகத்தில் பிறந்தவருக்கு அது செய்தி இல்லை, வழமை. சோதனைச் சாவடியில் பெயரும் ஊரும் கேட்டு நிறுத்தப்பட்ட எங்கள் ஆட்களுக்கும் அது விளங்கும். எங்களுக்கு விளங்கியிருக்க வேண்டிய பாட்டை நாங்களும் தவற விட்டோம் என்பதுதான் என் கவலை.

எம்.ஐ.ஏ. பிறகு சொன்ன பல கருத்துகளோடு எனக்கு உடன்பாடு இல்லை. உங்களுக்கும் இல்லாமல் இருக்கலாம். அதற்காக 2010இல் செய்த வேலை மாறிவிடாது. ஒரு ஆளைப் பிடித்தால்தான் அவரின் பாட்டைக் கேட்பது, பிடிக்காவிட்டால் காதைப் பொத்துவது என்று இருந்தால், நாங்கள் கேட்பது பாட்டு இல்லை.

இது எம்.ஐ.ஏ. ஒருவரின் கதை என்றால் நான் இவ்வளவு எழுதமாட்டேன். இன்றைக்கு ரொறன்ரோவில் ஷான் வின்சென்ட் டி போல் ராப் செய்கிறார். சுவிசில் வளர்ந்த பிரியா ராகு தன் முதல் தொகுப்பின் பெயரிலேயே தமிழ்ப் பெண் என்று போட்டுக்கொண்டு வந்தார். இன்னும் எத்தனையோ பிள்ளைகள் படுக்கையறையில் மைக் வைத்துப் பதிகிறார்கள். அவர்களைப் பற்றி எங்கள் தளங்களில் வருவது பெரும்பாலும் ஒரே தலைப்புத்தான்: ‘வெளிநாட்டில் சாதித்த ஈழத் தமிழ்ப் பிள்ளை’. கீழே படம், பிறந்த ஊர், வாழ்த்து. இல்லாவிட்டால் திட்டு. வாழ்த்தும் திட்டும் வேலையைக் கேட்காமலே செய்யக்கூடியவை.

பிள்ளைகளுக்கு வேண்டியது வேறு. ‘உன் மூன்றாவது பாட்டு நல்லது. ஐந்தாவது இழுபடுகிறது. இந்த இடத்தில் தமிழ் சொல் ஒட்டவில்லை. இந்தச் சத்தம் ஏன் என்று எனக்கு இரண்டாவது தரம்தான் விளங்கியது’ என்று சொல்லக்கூடிய பெரியவர்கள் வேண்டும். புள்ளி குறைவாகப் போட்டாலும் பரவாயில்லை. கேட்டுவிட்டுப் போட வேண்டும். எங்களைப் பற்றி எழுதுகிற இசையை எங்களால் மதிப்பிட முடியாவிட்டால், அந்த வேலையை எங்களைத் தெரியாத யாரோதான் செய்வார்கள். 4.4 என்று போட்டுவிட்டு அடுத்த அல்பத்துக்குப் போய்விடுவார்கள்.

ஆகவே ஒரு சின்ன வேண்டுகோள். ‘மாயா’ முழுதும் சுமார் 40 நிமிடம். வீட்டில் பெரிய பிள்ளை இருந்தால் கூட இருந்து கேளுங்கள். கொஞ்சம் தூஷணம் வரும், தாங்கிக் கொள்ளுங்கள், அதுகள் ஏற்கனவே கேட்டதுதான். சத்தம் பொறுக்காவிட்டால் கடைசிப் பாட்டிலிருந்து பின்பக்கமாகப் போங்கள். முடிந்ததும் பிள்ளையிடம் 2009இல் நீங்கள் எங்கே நின்றீர்கள் என்று சொல்லுங்கள். எங்கள் வீட்டில் அந்தக் கதை இந்த அல்பத்தால்தான் தொடங்கியது. அதுவரை நான் அவளிடம் கார்டினர் நெடுஞ்சாலையைப் பற்றி ஒரு சொல்லும் சொன்னதில்லை.

என் புள்ளி 7. மகள் 8 என்கிறாள், ‘ரெக்கில்லா’வை மட்டும் தாண்டிவிடுகிறாள். ‘லவலொட்’ பற்றி எங்களுக்குள் இன்னும் வாக்குவாதம் முடியவில்லை.